முடித்த கேம் இங்கே கிடைக்கும்

2007 மே மாதம் 17ஆம் திகதி, வியாழக்கிழமை.

மட்டக்களப்பு, புளியந்தீவில் வீடியோ கேம் கடை நடத்திய இராசதுரை என்பவர், காணாமற்போன ஓர் இளைஞனின் ஆட்டத்தைப் பிரதி எடுத்து ஊரெல்லாம் விற்றார். விற்றவற்றைத் திரும்பப் பெற்றுத் தருமாறு பலமுறை கேட்டேன். மறுத்துவிட்டார். இதுவே என் முறைப்பாடு.

இனி எழுதப்போவது கதை அன்று. வாழ்நாள் முழுவதும் தமிழ் கற்பித்து ஓய்வு பெற்றவன் நான். நடந்ததற்கும் நடந்ததாகச் சொல்லப்படுவதற்கும் உள்ள வேறுபாடு எனக்குத் தெரியும். இதில் உள்ளவை நடந்தவை. இரவில் அல்ல, உச்சி வெயிலில் நடந்தவை. என் கண்ணுக்கு முன்னால், என் மூக்குக்கு முன்னால்... மூக்கைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

அமிர்தகழியில் எனக்கு அடுத்த வீடும் வளவும் அன்னப்பூரணியுடையவை. தையல் மெசின் ஒன்றை நம்பிப் பிழைப்பவர். கணவர் இல்லை. ஒரே மகன் குணாளன். ரேடியோ திருத்தும் கடையில் வேலை செய்தவன். ஓய்வு கிடைத்தால் இராசதுரையின் கடையில் போய்க் கேம் விளையாடுவான். அது ஒன்றே அவனுடைய பழக்கம்.

மார்ச் 6ஆம் திகதி செவ்வாய்க்கிழமை இரவு, தாய் பரிமாறிய பிட்டையும் கூனிக் கறியையும் தின்றுவிட்டு, கை கழுவக் கிணற்றடிக்குப் போனவனை, வான் வண்டியில் வந்தவர்கள் பிடித்துக்கொண்டு போனார்கள். "அம்மா" என்று அவன் கத்தியது ஒழுங்கை முழுவதும் கேட்டது. கேட்டவுடன் ஒழுங்கையின் இரு பக்க வீட்டுக் கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்டன. நான் அன்று கல்லடியில் மகள் வீட்டில் தங்கியிருந்தேன்; இதை அன்னப்பூரணி சொல்லக் கேட்டேன். மறுநாள் வந்து விசாரித்தபோது, சாத்திய கதவுகளுக்குப் பின்னால் இருந்தவர்கள் எல்லாரும் அன்றிரவு நல்ல உறக்கமாம். அந்த ஒழுங்கையில்தான் இன்றும் குடியிருக்கிறேன். அவர்களுடைய முகங்களைப் பார்த்துத்தான் தினமும் பாலுக்குப் போகிறேன்.

அன்றிலிருந்து அன்னப்பூரணி தம் வீட்டு வாசற்கதவைச் சாத்தவில்லை. ஊரடங்கு வேளையிலும் அது திறந்தே கிடந்தது.

"சாத்துங்க அன்னம். காலம் சரியில்ல," என்றேன்.

"அவன் வந்தா தட்டிக்கொண்டு நிக்கப்படாது சேர்."

பொலிசுக்குப் போனார். இராணுவ முகாம்களின் வாசலில் நின்றார். எங்கும் பதில் இல்லை. மார்ச் 22, வியாழக்கிழமை மாலை, வேலியைத் தாண்டி என்னிடம் ஓடிவந்தார். சேலை கலைந்திருந்தது. மூச்சு வாங்கியது.

"சேர்! புள்ள உயிரோட இரிக்கான்!"

இராசதுரை தம் கடைக்குத் திரைச்சீலை தைக்கக் கொடுத்திருந்தார். அதைக் கொண்டுபோய்க் கொடுத்த இடத்தில், அந்த மனிதர் பேச்சோடு பேச்சாகச் சொல்லியிருக்கிறார்: "உங்கட மகன் போன வெள்ளிக்கிழமையும் வந்து கேமை முடிச்சிட்டுத்தானே போனவர்."

போன வெள்ளிக்கிழமை. பிடித்துக்கொண்டு போனதற்கு அடுத்த வாரத்து வெள்ளிக்கிழமை.

"கேம் மெசின்ல திகதியும் விழுந்திரிக்காம் சேர். அதக் காட்டினா முறைப்பாடு எடுக்கிறவங்க நம்புவாங்கதானே? நீங்க வந்து இங்கிலிசுல வாசிச்சுப் பாக்கணும்."

மறுநாள் வெள்ளிக்கிழமை முற்பகல் இருவரும் புளியந்தீவுக்குப் போனோம்.

கடை வாசலில் ஒரு பலகை. "முடித்த கேம் இங்கே கிடைக்கும்." எனக்குப் பொருள் விளங்கவில்லை. உள்ளே பின்னறையில் நாலைந்து தொலைக்காட்சிகள். அன்னப்பூரணி தைத்த கறுப்புத் திரைகள் புதிதாகத் தொங்கின. வியர்வை நாற்றம், அதற்குள் பினாயில் நாற்றம். இராசதுரை நாற்பது வயதுக்காரர். வாயில் வெற்றிலை.

"முடித்த கேமை வைத்து என்ன செய்கிறது?" என்று கேட்டேன்.

"ஐயோ சேர், முடிஞ்ச பிறகுதான் சோக்கு! இது நீளமான கேம். ஒரு வீரன் ஊர் ஊராப் போய்ச் சண்டை பிடிச்சு, கடைசியில பெரிய அரக்கனக் கொல்லணும். மாசக்கணக்காச் செல்லும். கொண்டிட்டா அங்கால சண்டை இல்ல. எல்லா ஊரிலயும் கதவு திறந்திரிக்கும், சனம் வாசலுக்கு வந்து நன்றி சொல்லும். நினைச்ச இடத்துக்குப் போகலாம். குதிரை வாங்கலாம். மீன் பிடிக்கலாம். ஒளிச்சு வச்ச குகையெல்லாம் அதுக்குப் பிறகுதான் திறக்கும். ஒண்டும் வேணாமெண்டா ஊருக்குப் போய்த் தாயோட இரிக்கலாம். இப்பத்தப் பொடியனுகளுக்கு அது வரைக்கும் பொறுமை இல்ல. அதான் முடிச்சத, கேம் சேவ் ஆகிற அந்தச் சின்ன மெமரிக் காட்டுல அடிச்சுக் குடுக்கிறன்."

"முடித்தது யார்?"

"உங்கட ஆள்தான். அவரப்போல ஒருத்தரும் முடிக்கல்ல."

ஒருவன் பாடுபட்டுச் சேர்த்ததை, அவனைத் தேடித் தாய் தெருத்தெருவாக அலையும் நாட்களில் பிரதி எடுத்து விற்ற வாய் அது. வெற்றிலைச் சாறு அதன் ஓரத்தில் வழிந்தது.

"அவன் வந்ததை இவரிடம் ஏன் சொல்லல்ல நீர்?"

"ஆரும் கேக்கல்லயே சேர்."

"எப்படி இருந்தான்?"

இராசதுரை தொலைக்காட்சித் திரையைப் பார்த்தார். பிறகு தரையைப் பார்த்தார்.

"ஜும்ஆத் தொழுகைக்குப் பாங்கு சொல்லி, காத்தான்குடிப் பொடியனுகள் எல்லாம் எழும்பிப் போன நேரம். கடையில ஒருத்தரும் இல்ல. வந்து அந்த மூலைக் கதிரையில குந்தினார். கதைக்கல்ல. நனைஞ்சிருந்தார்."

"மழையா?"

"மழை இல்ல சேர்." வெற்றிலையை மென்றார். "போன பிறகு கதிரை நாறிப்போச்சு. பினாயில் ஊத்திக் கழுவினன். இன்னும் போகல்ல."

அன்னப்பூரணியின் காதில் ஒரு சொல்தான் விழுந்தது.

"நனைஞ்சோ? அவனுக்குத் தடிமன் பிடிக்குமே சேர்..."

அப்போது திரையை விலக்கிக்கொண்டு ஒருவர் வந்தார். காத்தான்குடியைச் சேர்ந்தவர், பெயர் முகைதீன்பாவா. கட்டார் நாட்டில் வேலை செய்துவிட்டு விடுமுறையில் வந்திருப்பவர். கையில் ஒரு மெமரிக் காட். அதைத் துணியில் சுற்றிப் பிடித்திருந்தார்.

"இராசதுரை, இந்தாங்க உங்கட சாமான். மனிசன் வாங்கிற சாமானா இது? ஆள எந்தக் கோட்டைக்குள்ள கொண்டு வச்சுச் சேவ் பண்ணினாலும், அடுத்த நாள் போட்டாத் தண்ணிக் கரையிலதான் நிக்கான். முகத்தத் திருப்பவும் ஏலா. முதுகத்தான் காட்டுறான். நாத்தம் வேற! எங்கட ஊட்டுக்காரி மெசினத் தூக்கி வெளி முத்தத்துல வச்சிட்டா. இப்ப என்னையும் முத்தத்துல வைக்கப் பாக்கா."

சிரித்தபடிதான் சொன்னார். பிறகு அன்னப்பூரணியின் முகத்தைப் பார்த்தார். சிரிப்பு நின்றது.

"இது ஆரு?"

"அந்தப் பிள்ளையின் தாய்," என்றேன்.

முகைதீன்பாவா துணியோடு அந்தக் காட்டை அன்னப்பூரணியின் கையில் வைத்தார். "உம்மா, இது உங்கடதான். கொண்டு போங்க. நான் ஒண்டும் கேக்கல்ல." வெளியே பாங்கொலி எழுந்தது. அவர் திரும்பிப் பாராமல் பள்ளிவாசலுக்குப் போய்விட்டார்.

கடையில் நாங்கள் மூவர். தெருவில் வெயில் கொதித்தது. உள்ளே திரைகளின் இருள்.

இராசதுரை கடையில் இருந்த குணாளனின் சொந்த மெமரிக் காட்டை மெசினில் செருகினார். எழுத்துகள் தெளிந்தன. நான் எழுந்து அருகில் போய் வாசித்தேன். குணா என்று ஆங்கிலத்தில் இருந்தது. அதன்கீழே திகதி. 2007 மார்ச் 16.

"இரிக்கா சேர்?"

"இருக்கிறது."

அன்னப்பூரணி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். எங்களுக்கு வேண்டியது கிடைத்துவிட்டது. காட்டை வாங்கிக்கொண்டு அப்போதே எழுந்திருக்கலாம். ஆனால் தாய் மனம் அது.

"அவன் எங்க நிக்கான் எண்டு பாப்பம் சேர்."

பொத்தான் அழுத்தப்பட்டது.

திரையில் ஒரு நீர்நிலை விரிந்தது. மங்கிய வானம். இடிந்த மரத்துறை ஒன்று தண்ணீருக்குள் நீண்டது. அதன் நுனியில் வீரன் நின்றான். எங்களுக்கு முதுகைக் காட்டியபடி.

"கோட்டைக்குள்ளதான் சேவ் ஆகியிருந்தது," என்றார் இராசதுரை. அவருடைய தாடை அசைவதை நிறுத்தியிருந்தது.

நான் துறையைப் பார்த்தேன். அதன் தூணில் வட்டமாக ஏதோ தொங்கியது.

"அது என்ன? டயரா?"

"டயர்... இந்தக் கேமில டயர் கிடையாது சேர். வாகனமே கிடையாது. வாளும் குதிரையும்தான்."

டயர்தான். தோணி முட்டாமலிருக்கத் துறையில் கட்டித் தொங்கவிடும் பழைய லொறி டயர். வாவிக் கரையில் பிறந்தவனுக்கு அதில் ஐயம் வராது.

இராசதுரை வீரனை நடத்தினார். வீரன் துறையை விட்டுக் கரையேறினான். நடந்த இடமெல்லாம் ஈரத் தடம் பதிந்தது. தண்ணீர் வெகுதூரம் பின்னால் போய்விட்டது. தடம் காயவில்லை.

ஓர் ஊர் வந்தது. தெருவின் இரு பக்கமும் வீடுகள். வாசல்களில் சனம் நின்றது. வீரன் தெருவுக்குள் காலடி வைத்தான்.

முதல் வீட்டுக் கதவு சாத்தப்பட்டது.

அடுத்த கதவு.

அதற்கடுத்தது...

"கதவெல்லாம் திறந்திருக்கும் என்றீரே?"

"அப்பிடித்தான் சேர் இரிக்கும்... அப்பிடித்தான்..."

நன்றி சொல்ல ஒருவரும் இல்லை. தெரு முழுவதும் சாத்திய கதவுகள். நான் அன்னப்பூரணியைப் பார்த்தேன். அவர் வியப்படையவில்லை. இந்தத் தெருவை முன்பே கண்டவர் அவர்.

அப்போதுதான் நாற்றம் எழுந்தது.

வாவிச் சேற்றின் நாற்றம், அதற்குள் வேறொன்று. போர் தொடங்கிய பிறகு எங்கள் வீட்டில் வாவி மீன் வாங்குவதில்லை. வாவியில் மிதந்த உடல்களைக் கண்ட மட்டக்களப்பாரிடம் ஏன் என்று கேட்க வேண்டியதில்லை. அந்த நாற்றம். தொண்டையில் எண்ணெய்போல ஒட்டியது.

"சீ!" இராசதுரை கையிலிருந்ததைக் கீழே போட்டார். ஆட்டத்தை இயக்கும் அந்தக் கருவி தரையில் கிடந்தது. பொத்தான்களுக்கு இடையிலிருந்து பச்சையாகக் கொழகொழவென்று ஏதோ வழிந்தது. அவர் தம் விரல்களைச் சட்டையில் தேய்த்தார். தேய்த்துக்கொண்டே இருந்தார்.

அன்னப்பூரணி குனிந்து அதை எடுத்தார். முந்தானையால் துடைத்தார். அருவருக்கவில்லை.

"நடக்கிறது எந்தப் பொத்தான்?"

இராசதுரை சுட்டிக் காட்டினார். தையல் மெசினில் பழகிய விரல்கள் அவை. வீரன் நடந்தான். அவர் வழி கேட்கவில்லை. பாலம் ஒன்றைக் கடந்தார். வயல்வெளியைக் கடந்தார். ஆட்டம் தொடங்கும் சின்ன ஊருக்கு வந்துவிட்டார்.

அங்கே ஒரு கதவு மட்டும் திறந்திருந்தது.

உள்ளே ஒரு பெண்ணுருவம். வீரனின் தாயாம்.

வாசற்படியில் அவன் நின்றான்.

அவர் அழுத்தினார். நகரவில்லை.

மறுபடியும் அழுத்தினார்.

நகரவில்லை...

எனக்கு அந்தக் கணத்தில் ஒன்று நினைவுக்கு வந்தது. வெளியில் உயிர் போனவரின் உடலை எங்கள் ஊரில் வீட்டுக்குள் எடுப்பதில்லை. முற்றத்தில் பந்தலிட்டு அங்கேயே கிடத்துவோம். படி தாண்டக்கூடாது.

"போதும் அன்னம். நிப்பாட்டுங்க."

அவர் என்னைப் பார்க்கவில்லை. திரையில் தாயின் வார்த்தைகள் வரவேண்டிய கட்டம் தோன்றியது. கட்டம் வெறுமையாக இருந்தது.

வெறுமையாகவே இருந்தது...

அன்னப்பூரணி திரையருகே குனிந்தார்.

"வா மனே," என்றார். "கதவு திறந்துதான் கிடக்கு. உள்ளுக்கு வந்து படு."

அவன் திரும்பினான்.

முதன்முறையாக.

அன்னப்பூரணியின் தலை எனக்கு மறைத்தது. இராசதுரைக்கு மறைக்கவில்லை. அவர் சுவரோடு சாய்ந்து, வெற்றிலையும் சோறுமாகத் தம் கால்மேலேயே வாந்தி எடுத்தார். என்ன கண்டார் என்பதை இன்றுவரை சொல்லவில்லை.

நான் நிமிர்ந்து பார்த்தபோது அவன் உள்ளே போய்விட்டான்.

கதவு சாத்திக்கொண்டது.

சேமிக்கட்டுமா என்று மெசின் கேட்டது. "ஓம் எண்டது எது சேர்?" என்றார் அன்னப்பூரணி. காட்டினேன். அழுத்தினார்.

வெளியே ஜும்ஆ முடிந்து சனம் தெருவுக்கு வரும் சத்தம் கேட்டது.

இரண்டு காட்களையும் எடுத்துக்கொண்டு ஓர் ஆட்டோவில் அமிர்தகழிக்குத் திரும்பினோம். சோதனைச் சாவடியில் இறக்கி ஏற்றினார்கள். வழியெல்லாம் அவர் பேசிக்கொண்டே வந்தார். திங்கட்கிழமை அலுவலகம் திறந்ததும் போகவேண்டும், மகனுக்கு ஒரு சேர்ட் தைக்கவேண்டும்...

வீட்டு வாசற்கதவு திறந்திருந்தது, வழக்கம்போல.

படியில் ஈரம்.

படியிலிருந்து உள்ளே ஈரம். சேறும் பாசியும் கலந்த தடம். கூடத்தைக் கடந்து, தையல் மெசினைச் சுற்றி, குணாளனின் பாய் வரைக்கும் போயிருந்தது. வெளியே திரும்பும் தடம் இல்லை. பாய் ஊறிக் கிடந்தது. கடையில் தொண்டையில் ஒட்டிய அதே நாற்றம் வீடு முழுவதும் நின்றது.

நான் மூக்கைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினேன்.

அன்னப்பூரணி பாயருகே உட்கார்ந்தார். "வந்திட்டான் சேர்," என்றார்.

நான் முற்றத்தில் மூச்சு விடுவதற்குள், வாவியில் வலை போடும் நல்லரத்தினம் வேலிப் படலையடியில் வந்து நின்றார். உள்ளே வரவில்லை. கையால் அழைத்தார்.

"சேர், ஒருக்கா இஞ்சால வாங்க. பழைய தோணித்துறையில... ஆள் ஒண்டு மிதந்திருக்கு. இந்த வீட்டுப் பொடியன் போலத்தான் கிடக்கு."

"எப்போது?"

"காலம அந்த இடத்துலதான் வல இழுத்தன். ஒண்டும் இல்ல. ஜும்ஆ முடியிற நேரம், தன்பாட்டுல மேல வந்திரிக்கு. துறையில தொங்கிற டயருக்குக் கீழ, தண்ணிக்குள்ள தூணோட சேத்துக் கட்டியிரிந்திருக்கு சேர்."

"கயிறு அறுந்துவிட்டதா?"

நல்லரத்தினம் வீட்டின் திறந்த கதவைப் பார்த்தார்.

"அறுகல்ல சேர். அவுந்து கிடக்கு."

பிரேத பரிசோதனை முடிந்து பெட்டி வந்தது. ஒழுங்கையார் இப்போது கதவு திறந்து வந்தார்கள். முற்றத்தில் பந்தல் போட்டார்கள். வெளியில் போன உயிர், உள்ளே எடுக்கக்கூடாது என்று ஒருவருக்கொருவர் சட்டம் சொன்னார்கள். பிடித்துக்கொண்டு போனபோது வாய் திறக்காதவர்களுக்கு அன்று எத்தனை வாய்! தாயை வெளியே வரச்சொல்லிக் கூப்பிட்டார்கள். அவர் பாயருகிலிருந்து எழவில்லை.

"அது வெளியிலயே கிடக்கட்டும்," என்றார். "அவன் உள்ளுக்கு வந்திட்டான்."

அடக்கம் முடிந்தபின், பரிசோதனை செய்த வைத்தியர் என்னைத் தனியே அழைத்தார். முன்னாளில் என்னிடம் படித்தவர்.

"சேர், அவர் கடைசியா என்ன சாப்பிட்டவர் எண்டு தாய் சொன்னவவா?"

"பிடித்துக்கொண்டு போன இரவு. பிட்டும் கூனிக் கறியும்."

அவர் கையிலிருந்த அறிக்கையை மடித்தார்.

"வயித்துக்குள்ள அது அப்பிடியே கிடந்தது சேர். செமிக்கல்ல."

குணாளன் அந்தப் புதன்கிழமையின் விடியலைக் காணவில்லை. அவன் கேமை முடித்தது அடுத்த வாரத்து வெள்ளிக்கிழமை, நண்பகலில், இராசதுரையின் மூலைக் கதிரையில் இருந்து.

இத்தோடு முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன். முப்பத்தோராம் நாள் கருமம் முடிந்தபிறகு, முகைதீன்பாவா கொடுத்த மற்றக் காட்டை அன்னப்பூரணி ஒருவரிடம் இரவல் மெசின் வாங்கிப் போட்டுப் பார்த்தார். நான் பக்கத்தில் இருந்தேன். அதே நீர்நிலை. அதே துறை. அதே டயர். நுனியில் முதுகைக் காட்டியபடி நின்றான். உள்ளே வந்து படுத்தவன் ஒருவன். இவன் இன்னும் தண்ணீர்க் கரையில். தாய் அவனையும் நடத்தி வந்து, கூப்பிட்டு, உள்ளே எடுத்தார். அன்றும் தரை நனைந்தது.

இராசதுரை இப்போது கடையை மூடிவிட்டு வேறு தெருவில் குடை விற்கிறார். எத்தனை காட் விற்றீர், யார் யாருக்கு விற்றீர் என்று கேட்டால், மறந்துபோயிற்று என்கிறார். கல்லடிக்கும் போனதாம், ஏறாவூருக்கும் போனதாம், கொக்கட்டிச்சோலைப் பக்கமும் போனதாம். விரல்களைச் சட்டையில் தேய்த்துக்கொண்டே சொல்கிறார்.

ஆகவே உங்களிடம் கேட்கிறேன். முடித்த கேம் என்று அந்தக் கடையில் வாங்கியவர் நீங்களாக இருந்தால், நாறுகிறது என்று அதை மேசை இழுப்பறைக்குள் எறிந்து வைக்காதீர்கள். இன்னொருவருக்கு விற்காதீர்கள். அவனைத் தண்ணீர்க் கரையில் விட்டுவிட்டு மெசினை அணைத்தவர்கள் நீங்கள். இன்றே அதைப் போடுங்கள். தெருவில் கதவுகள் சாத்தப்படும், பொருட்படுத்தாமல் நடத்துங்கள். வீட்டு வாசலில் அவன் நிற்பான். அவன் பெயர் குணாளன். பெயர் சொல்லி, உள்ளே வரச்சொல்லிக் கூப்பிடுங்கள்.

அவன் திரும்பும்போது முகத்தை மட்டும் பார்க்காதீர்கள்.